நல்ல சித்தியைப் படைத்தவர்

சித்தி என்றாலே கொடுமைக்காரி என்று கதை கேட்டு வளர்ந்தவன் நான். சீனத் திரைக்கதாசிரியர் ஐலீன் சாங்கைப் பற்றிப் படித்தபோது வியந்தேன்.

1920-ல் ஷாங்காயில் பிறந்தவர். பெற்றோர் மணமுறிவு பெற்றனர். தந்தை மறுமணம் செய்துகொண்டார். சிற்றன்னையுடன் மூண்ட சண்டையில் தந்தை இவரை அடித்து, மாதக்கணக்கில் அறையில் பூட்டிவைத்தார்.

1947-ல் ‘மனைவி வாழ்க’ என்ற குடும்ப நகைச்சுவைப் படத்துக்குத் திரைக்கதை எழுதினார். 1955-ல் அமெரிக்கா சென்றபின்னும் ஹாங்காங் படங்களுக்கு எழுதினார். கணவரோ நோயாளி, வருமானம் தேவைப்பட்டது.

1963-ல் வந்த ‘இளம் பிள்ளைகள்’ படத்தில், மனைவியை இழந்த தந்தை ஓர் ஆசிரியையை விரும்புகிறார். வரப்போகும் சித்தியை எண்ணிப் பிள்ளைகள் நடுங்குகிறார்கள். அவளோ அன்பே உருவானவள்!

தமக்குக் கிட்டாததைத் திரையில் பிறர் பிள்ளைகளுக்குத் தந்துவிட்டார். தண்டவாளத்தோடு காலம் கழித்த எனக்கும் நெஞ்சு இளகியது.