கழுத்து வலிக்கு ஓர் எண்

சென்ற மாதம் பூசை முடிந்து வெளியே வந்தபோது ஒரு தாய் என்னை அணுகினார். “சாமி, என் மகள் சென்னையில் வேலை பார்க்கிறாள். அமெரிக்காவில் இருப்பவர்களின் கழுத்து வலிக்கு நம்பர் போடுகிற வேலையாம். அக்கம்பக்கத்தில் கேட்டால் என்ன சொல்வதென்றே தெரியவில்லை. இது கௌரவமான வேலைதானா?” என்று கேட்டார்.

அவருடைய கேள்வி நியாயமானது. மெடிக்கல் கோடிங் என்னும் இத்தொழிலில் நம் குடும்பங்களின் பிள்ளைகள் பலர் இருக்கிறார்கள். அவர்கள் செய்வது இன்னதென்று பெற்றோர் பலர் அறியார். விடுமுறைக்கு வந்த அந்த மகளையே அழைத்து விளக்கக் கேட்டேன். அவள் காட்டிய விதிகளையும் படித்துப் பார்த்தேன். அறிந்ததை இங்கே எழுதுகிறேன்.

அமெரிக்காவில் மருத்துவக் கட்டணத்தின் பெரும்பகுதியைக் காப்பீட்டு நிறுவனமோ, முதியோருக்கான மெடிகேர் என்னும் அரசுத் திட்டமோ செலுத்துகிறது. மருத்துவர் எழுதிய குறிப்பைப் படித்து, நோய்க்கு ஓர் எண்ணும், அளித்த சிகிச்சைக்கு மற்றோர் எண்ணும் இட்டு அனுப்ப வேண்டும். இந்த நோய்க்கு இந்தச் சிகிச்சை தேவைதான் என்று இரண்டும் பொருந்தினால் பணம் வரும். பொருந்தாவிடில் கோரிக்கை திரும்பிவிடும்.

இந்நோய்ப் பட்டியலுக்கு நீண்ட வரலாறு உண்டு. 1893-ஆம் ஆண்டில், சிகாகோவில் கூடிய பன்னாட்டுப் புள்ளியியல் கழகத்தின் முன் பாரிஸ் நகரத்து ஜாக் பெர்த்தியோன் என்பவர் இறப்புக் காரணங்களின் பட்டியல் ஒன்றை வைத்தார். 1948-இல் உலக சுகாதார நிறுவனத்தின் பொறுப்பில் வெளிவந்த ஆறாம் திருத்தம், உயிரோடிருப்போரின் நோய்களையும் காயங்களையும் விரிவாகச் சேர்த்துக்கொண்டது. பத்தாம் திருத்தத்தை ஒட்டிய அமெரிக்கப் பதிப்பு 2015 அக்டோபர் 1 முதல் அங்கே வழக்கில் உள்ளது. அதிலுள்ள குறியீடுகள் எழுபதாயிரத்துக்கு மேற்பட்டவை.

ஒரு வலி, பல பெயர்

நாம் கழுத்து வலி என்று ஒரே சொல்லில் முடித்துவிடுகிறோம். அந்தப் பட்டியல் அவ்வாறு முடிப்பதில்லை. காரணம் இன்னதென்று தெரியாத வெறும் வலிக்கு எம்54.2 என்பது குறியீடு. இது நோயின் பெயரன்று; அறிகுறியின் பெயர். வலிக்குக் காரணம் கழுத்து டிஸ்க்கின் கோளாறு என்று மருத்துவர் எழுதிவிட்டால், எம்50 என்னும் வரிசைக்குச் செல்ல வேண்டும். அப்போது எம்54.2-ஐயும் உடன் சேர்த்து எழுதக் கூடாது. நோயைச் சொன்ன பிறகு அதன் வலியைத் தனியே கணக்கிடுவது ஒன்றையே இருமுறை எண்ணுவதாகும்.

எம்50 வரிசையிலும் உட்பிரிவுகள் பல. டிஸ்க் பிதுங்கித் தண்டுவடத்தைத் தாக்குகிறதா, கைக்குச் செல்லும் நரம்பின் வேரைத் தாக்குகிறதா, அல்லது தேய்ந்து மட்டும் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். அதன் பின் இடத்தைக் குறிக்க வேண்டும். கழுத்தில் ஏழு முள்ளெலும்புகள் உள்ளன. ஐந்தாம் எலும்புக்கும் ஆறாம் எலும்புக்கும் இடையே டிஸ்க் கெட்டு, நரம்பு வேரும் பாதிக்கப்பட்டிருந்தால் எம்50.122. ஆறுக்கும் ஏழுக்கும் இடையே என்றால் எம்50.123. 2016 அக்டோபருக்கு முன் இவ்விரண்டுக்கும் எம்50.12 என்ற ஒரே குறியீடு போதுமானதாக இருந்தது. அதன் பின் அதை மட்டும் எழுதினால் செல்லாது. பட்டியல் ஆண்டுதோறும் மாறுவதால் பழைய பழக்கத்தை நம்பி எழுத இயலாது.

காரில் பின்புறமிருந்து மற்றொரு வண்டி மோத, கழுத்து வெடுக்கென ஆடித் தசைநார் சுளுக்கிக்கொண்டவருக்கு வேறு அத்தியாயம், எஸ்13.4 என்று தொடங்கும் குறியீடு. அதன் ஏழாம் இடத்தில் ஓர் எழுத்து வர வேண்டும். காயத்துக்கு முனைப்பான சிகிச்சை நடக்கும்வரை ஏ; ஆறிவரும் காலத்துக் கவனிப்புக்கு டி; பின்விளைவுக்கு எஸ். எத்தனையாம் முறை வந்தார் என்பது இங்கே அளவுகோல் அன்று. கழுத்து ஒரு பக்கமாகத் திருகிக்கொள்வதிலும் வேறுபாடு உண்டு. பொதுவானதற்கு எம்43.6, நரம்பு மண்டலக் கோளாறால் தசை தானே இழுத்துக்கொண்டால் ஜி24.3, பிறவியிலேயே அமைந்திருந்தால் கியூ68.0.

ஊகிக்கும் உரிமை இல்லை

இத்தொழிலின் விதிகளுள் என்னை மிகவும் கவர்ந்தது ஒன்று. வெளிநோயாளியின் குறிப்பில் மருத்துவர் “டிஸ்க் பிதுக்கமாக இருக்கலாம்” என்று எழுதியிருந்தால், அதை டிஸ்க் பிதுக்கம் என்று குறியிடக் கூடாது. உறுதியாகத் தெரிந்த கழுத்து வலியை மட்டுமே குறியிட வேண்டும். மருந்தின் பெயரைக் கண்டு நோயை ஊகிக்கவும் கூடாது. ஐயம் எழுந்தால், விடையைத் தன் விருப்பப்படி வரவழைக்காத கேள்வியாக அதை மருத்துவரிடமே கேட்க வேண்டும்.

இதில் பிழை நேர்ந்தால் விளைவு இரு பக்கமும் உண்டு. நரம்பு வேர் பாதிப்புக்காகக் கழுத்தில் ஊசி போடப்பட்ட ஒருவருக்கு, அவசரத்தில் எம்54.2 என்று மட்டும் எழுதிவிட்டால், வெறும் வலிக்கு இந்த ஊசி எதற்கு என்று காப்பீட்டு நிறுவனம் மறுக்கக்கூடும். யாரோ ஓர் ஓய்வூதியக்காரர் தம் சேமிப்பிலிருந்து பணம் கட்டும் நிலை வரலாம். மாறாக, கூடுதல் பணம் பெறுவதற்காக எளிய நோயைக் கொடியதாக எழுதினால் அது மோசடி. அரசை ஏமாற்றுவோர்மீது 1863-இல் லிங்கன் காலத்தில் இயற்றப்பட்ட பொய்க் கோரிக்கைச் சட்டம் இன்றும் மெடிகேர் மோசடிகள்மீது பாய்கிறது. இழப்பைப்போல் மும்மடங்கு செலுத்த நேரிடும். அதோடு, இல்லாத நோய் ஒருவருடைய மருத்துவப் பதிவேட்டில் ஏறி, அடுத்த மருத்துவரின் முடிவையும் திசைதிருப்பிவிடும்.

“ஒரு நாளைக்கு இத்தனை என்று கணக்கு உண்டு, சாமி. தெளிவில்லாத குறிப்பை ஒதுக்கி வைத்துக் கேள்வி அனுப்பினால் என் எண்ணிக்கை குறையும். சும்மா ஒன்றைப் போட்டுவிட்டால் எவருக்கும் தெரியாது” என்றாள் அம்மகள். “அப்போது நீ என்ன செய்வாய்?” என்றேன். “கேள்வி அனுப்பிவிடுவேன்” என்றாள்.

அருகில் நின்ற தாய் ஒன்றும் கூறவில்லை. மகளின் தோள்மீது கைவைத்துக்கொண்டார். அவருடைய கேள்விக்கு நான் விடை கூறவேண்டிய தேவை ஏற்படவில்லை.

வாசக அன்பர்களுக்கு ஒரு சொல். நம் நாட்டிலும் காப்பீட்டுக்காக மருத்துவமனை நிரப்பும் படிவத்தில் நோய்க் குறியீட்டுக்கு ஓர் இடம் உண்டு. நோயாளி சொல்வதை மருத்துவர் எழுதுகிறார். எழுதியதற்கே குறியீடு கிடைக்கிறது. ஆகவே மருத்துவரிடம் “கழுத்து வலி” என்று சொல்லி நிறுத்திவிடாதீர்கள். எப்போது தொடங்கியது, விழுந்ததுண்டா, வலி எந்தக் கையில் இறங்குகிறது, எந்த விரல் மரத்துப்போகிறது என்று தெளிவாகக் கூறுங்கள். வீடு திரும்புமுன் மருத்துவர் எழுதித் தந்ததையும் ஒருமுறை படித்துப் பாருங்கள்.