மூன்று மாதத்தில் முடிய வேண்டிய காணி வழக்கு

மன்னாரில் ஒரு காணித் தகராறு கைகலப்பு வரை போய்விட்டால், விஷயம் முதலில் பொலிசுக்குப் போகும். அங்கிருந்து 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவின் கீழ் நீதவான் முன் வழக்காகும். காணி யாருக்குச் சொந்தம் என்பதை இந்த வழக்கு தீர்மானிக்காது. இப்போது யார் கையில் இருக்கிறது, கடந்த இரண்டு மாதத்துக்குள் யாரையாவது பலவந்தமாக வெளியேற்றினார்களா என்று பார்த்து, சண்டை வராமல் தடுப்பதே இதன் வேலை. அதனால்தான் விசாரணை மூன்று மாதத்துக்குள் முடிய வேண்டும், முடிந்து ஒரு வாரத்துக்குள் கட்டளை வர வேண்டும் என்கிறது 67ஆம் பிரிவு.

கெடு தாண்டினால்?

1982இல் இந்தக் கேள்வி உயர் நீதிமன்றத்துக்குப் போனது. பின்னாளில் பிரதம நீதியரசரான சர்வானந்தா எழுதிய தீர்ப்பு, இந்தக் கால எல்லை வழிகாட்டல் மட்டுமே என்றது. அது கடந்தாலும் கட்டளை வழங்கும் அதிகாரம் நீதிமன்றத்துக்கு உண்டு. நீதிமன்றம் தாமதித்ததற்காக வழக்காளி நட்டப்படக் கூடாது என்பதால் அது சரியான முடிவே. ஆனாலும், கெடுவை மீறினால் ஒன்றும் ஆகாது என்ற நிலையும் அதோடு வந்துவிட்டது.

மன்னாரில் காணி வழக்கின் தாமதம் வெறும் சட்ட நுணுக்கமல்ல. 1990 ஒக்டோபரில் எருக்கலம்பிட்டி, முசலி முஸ்லிம்களை விடுதலைப் புலிகள் வெளியேற்றினார்கள். பலர் புத்தளத்தில் தஞ்சமடைந்தார்கள். தமிழர் பலர் படகேறித் தமிழ்நாட்டின் மண்டபம் முகாமுக்குப் போனார்கள். அடுத்தவர் காணியைப் பத்து வருடம் தடையின்றி, உரிமையாளருக்கு எதிராக ஆண்டவர் ஆட்சியுரிமை கோரலாம் என்ற பழைய சட்டம் அவர்களுக்கு வினையானது. 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம், 1983 மே 1 முதல் 2009 மே 18 வரை வழக்காட முடியாமல் போனவர்களுக்கு வழி திறந்தது. அந்தக் கதவும் இரண்டே வருடம்தான் திறந்திருந்தது.

இப்படி இடம்பெயர்ந்து, பல வருடம் கழித்துத் திரும்பி வந்தவருக்கு அந்த இரண்டு மாத எல்லை எப்போதோ கடந்துவிட்டதால் 66ஆம் பிரிவு உதவாது. மாவட்ட நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டும். அங்கே தடையுத்தரவு விண்ணப்பம் தவணை தவணையாக நகர்ந்தால், அதற்குள் காணியில் சுவர் எழும்பிக் கூரையும் ஏறிவிடும். பிறகு வரும் தீர்ப்பை நிறைவேற்றுவது இன்னொரு போராட்டம்.

இந்தத் தாமதங்களைத் தட்டிக்கேட்க வழி இல்லாமல் இல்லை. கீழ் நீதிமன்றப் பதிவேடுகளைத் தானாகவே வரவழைத்துப் பார்க்க, அரசியலமைப்பின் 145ஆம் உறுப்புரை மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு அதிகாரம் தந்திருக்கிறது. பாதிக்கப்பட்டவர் அந்த நீதிமன்றம் இருக்கும் புதுக்கடைக்கு அலைந்து சட்டத்தரணி பிடிக்கும்வரை அந்த அதிகாரம் காத்திருக்கத் தேவையில்லை.

இந்திய உச்ச நீதிமன்றம் 2025 மார்ச்சில் இன்னும் ஒரு படி மேலே போனது. தமிழ்நாட்டில் 1986இல் தீர்ப்பாகியும் நிறைவேறாத ஒரு காணி வழக்கைப் பார்த்துவிட்டு, தேங்கிக் கிடக்கும் நிறைவேற்று மனுக்களை ஆறு மாதத்தில் முடிக்கும்படி நாடெங்கும் உத்தரவிட்டு, கணக்கும் கேட்டது. ஒக்டோபரில் கணக்கு வந்தது: 3.3 இலட்சத்துக்கு மேல் முடிந்திருந்தன, 8.8 இலட்சத்துக்கு மேல் மிச்சம். முழு வெற்றி அல்ல. ஆனால் எங்கே எவ்வளவு தேங்கியிருக்கிறது என்பதாவது வெளிச்சத்துக்கு வந்தது.

இங்கும் அதைச் செய்யலாம்: வடக்கின் ஒவ்வொரு 66ஆம் பிரிவு வழக்கும் தொடங்கிய திகதி, முடிந்த திகதி, ஒவ்வொரு தவணைக்கும் சொன்ன காரணம் ஆகியவற்றை நீதிச்சேவை ஆணைக்குழு ஆண்டுதோறும் கேட்டு வெளியிடலாம். அதற்குப் புதிய சட்டம் தேவையில்லை.