கூலி நோட்டில் இருக்கும் பன்னிரண்டு லட்சம்

சாலை விபத்தில் ஒருவர் இறந்தால் அவர் குடும்பத்துக்கு என்ன கிடைக்கும் என்பது நீதிபதியின் இரக்கத்தைப் பொறுத்தது என்றே பலரும் நினைக்கிறார்கள். அப்படியில்லை. அதற்கென ஒரு கணக்கு உண்டு. 2009இல் சரளா வர்மா வழக்கிலும் 2017இல் பிரணய் சேத்தி வழக்கிலும் உச்ச நீதிமன்றம் வகுத்துக் கொடுத்த அந்தக் கணக்கைத்தான் மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயங்கள் இன்றுவரை போடுகின்றன.

32 வயதுக் கொத்தனார் ஒருவர் லாரி மோதி இறந்துவிட்டார் என்று வைத்துக்கொள்வோம். மனைவி, இரண்டு பிள்ளைகள், தாய் என நான்கு பேர் அவர் சம்பாத்தியத்தை நம்பியிருந்தவர்கள். மாத வருமானம் 15,000 ரூபாய். வயது நாற்பதுக்குள் என்பதால், உயிரோடு இருந்திருந்தால் கூலி உயர்ந்திருக்கும் என்று 40 சதவீதம் கூட்டுவார்கள்: 21,000. சார்ந்திருப்போர் நான்கு முதல் ஆறு பேர் என்றால் இறந்தவரின் சொந்தச் செலவுக்குக் கால் பங்கைக் கழிப்பார்கள்: 15,750. ஆண்டுக்கு 1,89,000. அந்த வயதுக்கான பெருக்கல் எண் 16. ஆக 30,24,000 ரூபாய். கணவனை, தந்தையை, மகனை இழந்ததற்கு ஆளுக்கு 40,000, ஈமச்சடங்குக்கு 15,000, சொத்து இழப்புக்கு 15,000 என்று 2017இல் நிர்ணயித்த தொகைகளும் இதனுடன் சேரும். அவை மூன்று ஆண்டுக்கு ஒருமுறை 10 சதவீதம் ஏறும்.

வயதுக்கு ஆதார் அட்டையை மட்டும் நம்ப வேண்டாம். பள்ளி மாற்றுச் சான்றிதழே மேலான ஆதாரம் என்று 2024இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. மற்றபடி இந்தக் கணக்கில் ஏறக்குறைய எல்லாமே நிலையானது, வருமானத்தைத் தவிர. குடும்பங்கள் தோற்பது அங்கேதான்.

குறுக்கு விசாரணையில் காப்பீட்டு நிறுவனத்தின் வழக்கறிஞர் கேட்பார்: “சம்பளச் சீட்டு இருக்கிறதா?” அந்த மனைவியிடம் என்ன இருக்கும்? எதுவும் இல்லையென்றால் தீர்ப்பாயம் தானாக ஒரு தொகையை வைத்துக்கொள்ளும். அது 9,000 என்று வைத்தால் 30 லட்சம் 18,14,400 ஆகிவிடும். ஒரே கேள்விக்குப் பதில் இல்லாததால் 12 லட்சம் போகிறது. காய்கறி விற்பவரிடம் வருமானச் சான்று எதிர்பார்ப்பது சரியல்ல என்று 2014இல் சையத் சாதிக் வழக்கில் உச்ச நீதிமன்றமே சொன்ன பிறகும் இது நடக்கிறது என்பது எனக்குப் பொறுக்கவில்லை.

ஆனால் ஆதாரம் அநேகமாக எங்கோ இருக்கும். மேஸ்திரியின் கூலி நோட்டு, போனில் வந்த ஜிபே வரவுகள், பாஸ்புக், கட்டுமானத் தொழிலாளர் நல வாரிய அட்டை. அந்த நோட்டோடு மேஸ்திரியே வந்து சாட்சி சொன்னால் இன்னும் பலம். இறந்தவர் இல்லத்தரசி என்றாலும் “வருமானம் இல்லை” என்று மனுவில் எழுத விடாதீர்கள். வீட்டு வேலைக்கும் மதிப்புப் போட வேண்டும், அதிலும் எதிர்கால உயர்வைக் கூட்ட வேண்டும் என்பது 2021இல் கீர்த்தி வழக்கில் வந்த தீர்ப்பு.

விபத்து நடந்த ஊருக்குத்தான் போக வேண்டும் என்பதில்லை. குடும்பம் வசிக்கும் ஊரின் தீர்ப்பாயத்திலேயே மனு போடலாம். 2022 ஏப்ரல் முதல் நடைமுறையில் உள்ள திருத்தம் ஆறு மாதக் கெடு வைக்கிறது. அதை எதிர்த்த வழக்கில், தாமதம் என்ற ஒரே காரணத்துக்காக மனுக்களைத் தள்ளுபடி செய்யக் கூடாது என்று 2025 நவம்பரில் உச்ச நீதிமன்றம் இடைக்கால உத்தரவு போட்டது. அதை நம்பிக் காலம் கடத்தாமல் ஆறு மாதத்துக்குள் போட்டுவிடுவதே பத்திரம். மோதிய வாகனம் எதுவென்றே தெரியாவிட்டால் 2 லட்சம் ரூபாய் தனித் திட்டத்தில் கிடைக்கும். அதற்கு வருவாய்த் துறையை அணுக வேண்டும். ஓட்டுநர் குற்ற வழக்கில் விடுதலையானாலும் இழப்பீட்டு மனு செத்துவிடாது. அங்கே சந்தேகத்துக்கு இடமில்லாத நிரூபணம் வேண்டும், இங்கே எது நடந்திருக்கக் கூடும் என்பதே போதும்.

பிணவறை வாசலிலேயே வக்காலத்தில் கையெழுத்துக் கேட்டு வரும் புரோக்கர்களிடம் எச்சரிக்கை வேண்டும். கிடைக்கும் தொகையில் இத்தனை சதவீதம் என்று வழக்கறிஞர் கட்டணம் பேசுவதை இந்திய பார் கவுன்சில் விதிகளே தடை செய்கின்றன.

மோதியது அரசுப் பேருந்து என்றால் தீர்ப்பு வந்த பிறகும் காத்திருக்க நேரலாம். பணம் வராவிட்டால் நிறைவேற்று மனு போட வேண்டும். கோர்ட் அமீனா பேருந்து நிலையத்துக்கே வந்து பேருந்தை ஜப்தி செய்யும் செய்தி தமிழ்நாட்டில் யாருக்கும் புதிதல்ல. சம்பாதித்த ஆளைப் பறிகொடுத்த வீட்டை அதுவரை அலைய விடுவது அரசு நிறுவனத்துக்கு அழகல்ல.

பணம் வந்தாலும் சிறு பிள்ளைகளின் பங்கு அவர்களுக்கு 18 வயது நிறையும்வரை வங்கி வைப்பில்தான் இருக்கும். அதன் வட்டியைப் படிப்புச் செலவுக்குத் தாய் எடுத்துக்கொள்ள தீர்ப்பிலேயே அனுமதி எழுதித் தரும்படி வழக்கறிஞரிடம் முன்கூட்டியே சொல்லிவையுங்கள்.