பொன் ஓய்ந்த ஊரில் ஓயாத கதைகள்

பொருள் தேடிப் பிறந்த மண்ணை விட்டு வந்தவர்கள் நாம். புறப்படும்போது பெட்டியில் எடுத்து வைத்தவை சில. பெட்டியில் வைக்காமலே நம்முடன் வந்தவை பல. நாவுக்குப் பழகிய சுவை, வாய்க்குப் பழகிய பேச்சு, பாட்டி சொன்ன கதை, பண்டிகைப் பாட்டு ஆகியவற்றுக்கு எந்த ரயில் நிலையத்திலும் சுமைக்கூலி கேட்பதில்லை. ஆனால் இரண்டு மூன்று தலைமுறை கடந்தபின் இவற்றுள் எவை எஞ்சும், எவை மறையும் என்னும் வினா, வெளிமாநிலங்களில் வாழும் ஒவ்வொரு தமிழ்க் குடும்பத்துக்கும் உரியது. இவ்வினாவுக்குத் தக்க விடை கூறும் ஊர் ஒன்று அமெரிக்க நாட்டின் மேற்குப் பகுதியில் இருக்கிறது. கிராஸ் வேலி என்பது அதன் பெயர். அவ்வூரின் வரலாற்றையும், அங்கு வழங்கும் கதைகளையும் அன்பர்கள் அறிந்துகொள்வது பயனுடையதாகும்.

பசு காட்டிய பொன்

கலிபோர்னியாவில் கொலோமா என்னும் இடத்தில், 1848ஆம் ஆண்டு ஜனவரி 24ஆம் நாள், மர அறுவை ஆலைக்காக வெட்டிய நீர்க்காலில் ஜேம்ஸ் மார்ஷல் என்பவர் பொன் துகள்களைக் கண்டார். செய்தி பரவியது. அடுத்த ஆண்டே உலகின் பல திசைகளிலிருந்தும் மக்கள் அங்கே வந்து குவிந்தனர். சியரா நெவாடா மலைத்தொடரைக் கடந்து வந்த வண்டிக்காரர்களின் களைத்த மாடுகள், மலையடிவாரத்தில் சுமார் 2,400 அடி உயரத்தில் இருந்த ஒரு பசும்பள்ளத்தாக்கை நாடி ஓடிவிடுமாம். புல் நிறைந்த பள்ளத்தாக்கு என்னும் பொருளில் அவ்விடம் கிராஸ் வேலி ஆயிற்று.

அங்கே பொன் கிடைத்த கதையிலும் ஒரு மாடு வருகிறது. 1850ஆம் ஆண்டில் ஜார்ஜ் மக்நைட் என்பவர், ஓடிப்போன தம் பசுவைத் தேடிச் செல்கையில் ஒரு வெண்கல்லில் கால் இடறினாராம். வலியோடு குனிந்து பார்த்தபோது கல்லில் பொன் மின்னிற்றாம். பசு வந்த கதை மெய்யோ, புனைவோ, அந்த வெண்கல் மெய். ஆற்று மணலை அரித்துப் பொன் எடுப்பது தட்டு ஒன்று இருந்தால் எவரும் செய்யக்கூடிய வேலை. இங்கோ பொன், வெண்கற்பாறையின் நரம்புகளுக்குள் ஓடிக் கிடந்தது. அதை எடுக்கப் பாறையைத் துளைத்து ஆழத்துக்கு இறங்க வேண்டும். ஊறும் நீரை இறைக்க வேண்டும். வெட்டிய கல்லை இரும்பு உலக்கைகளால் இடித்துப் பொடியாக்க வேண்டும்.

இந்த இடத்தில் ஒன்றைச் சொல்லாமல் மேலே செல்வது நீதியாகாது. அப்பள்ளத்தாக்கு ஆளில்லாத நிலம் அன்று. நிசெனான் என்னும் பழங்குடியினர் அங்கு வழிவழியாக வாழ்ந்து வந்தனர். பொன் தேடி வந்த கூட்டம் அவர்களை நிலத்திலிருந்து தள்ளியது; நோயும் வன்முறையும் அவர்களுடைய எண்ணிக்கையைக் குறைத்தன. அவர்களுக்கென இருந்த சிறு குடியிருப்பின் அரசாங்க அங்கீகாரமும் 1964ஆம் ஆண்டில் நீக்கப்பட்டது. அயல்நாட்டுச் சுரங்கத் தொழிலாளர்மீது 1850இல் கலிபோர்னியா அரசு மாதம் 20 டாலர் வரி விதித்தது. அது கைவிடப்பட்டபின் 1852இல் வந்த புதிய வரியின் சுமை பெரும்பாலும் சீனர்களின் தலையில் விழுந்தது. பசுவின் கதையைச் சொல்லுகிற வாய் இவற்றையும் சேர்த்துச் சொன்னால்தான் ஊர் வரலாறு முழுமை பெறும்.

ஜாக் என்னும் உறவினன்

ஆழச் சுரங்கம் வெட்டும் கலையை அறிந்தவர்கள் யார்? இங்கிலாந்தின் தென்மேற்கு முனையில் உள்ள கார்ன்வால் நாட்டார். தகரமும் செம்பும் எடுத்து நூற்றாண்டுகளாகப் பழகிய கைகள் அவர்களுடையவை. நீர் இறைக்கும் நீராவிப் பொறிகளை அமைப்பதில் அவர்களுக்கு நிகர் இல்லை. 1840களில் உருளைக்கிழங்குப் பயிர் நோயால் கார்ன்வாலில் பஞ்சம் தோன்றியது. 1860களில் செம்பின் விலை சரிந்து சுரங்கங்கள் மூடப்பட்டன. வேலையிழந்தோர் கடல் கடந்தனர். கிராஸ் வேலியில் அவர்கள் தொகை பெருகி, பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் ஊர் மக்களுள் பாதிக்கு மேற்பட்டோர் கார்ன்வால் வழியினராயினர்.

அவர்களை எல்லோரும் 'கசின் ஜாக்' என்று அழைத்தனர். இதற்கும் ஒரு கதை உண்டு. சுரங்கத்தில் ஓர் ஆள் தேவை என்று மேலாளர் சொன்னால் போதும், "ஊரிலே என் உறவினன் ஜாக் என்று ஒருவன் இருக்கிறான், நல்ல வேலைக்காரன், வரவழைக்கட்டுமா?" என்று கேட்பார்களாம். பெண்களுக்கு 'கசின் ஜென்னி' என்று பெயர். பம்பாயிலோ டில்லியிலோ முதலில் வந்த ஒருவர், தம்பியையும் மைத்துனரையும் பக்கத்து வீட்டுப் பையனையும் வரவழைத்த வரலாறு நம் வீடுகளிலும் உண்டன்றோ? அதனால் இந்தப் பெயரின் நகைச்சுவை நமக்கு எளிதில் விளங்கும்.

அடுக்குத் தூக்கும் தட்டும் குள்ளர்களும்

கசின் ஜாக் வேலைக்கு இறங்கும்போது கையில் ஓர் அடுக்குத் தூக்கு இருக்கும். அடித்தட்டில் தேநீர், அதன்மேல் இறைச்சியும் உருளைக்கிழங்கும் வெங்காயமும் வைத்து மடித்துச் சுட்ட பாஸ்டி, மேல்தட்டில் குங்குமப்பூ சேர்த்த இனிப்பு ரொட்டி. உணவு வேளையில் தூக்கின் அடியில் மெழுகுவத்தியை ஏற்றிவைத்தால் தேநீர் சுடும்; அந்த ஆவியில் பாஸ்டியும் சுடும். தின்று முடித்தபின் பாஸ்டியின் விளிம்பைச் சிறிது கிள்ளிப் பாறை ஓரத்தில் வைப்பார்கள். அது 'டாமிநாக்கர்' என்னும் குள்ளர்களுக்கு உரிய பங்கு.

யார் இந்தக் குள்ளர்கள்? இரண்டடி உயரம்; பெரிய தலை; சுரங்கத் தொழிலாளியின் உடை. கண்ணில் படுவது அரிது, காதில்தான் படுவார்கள். பாறைக்குள்ளிருந்து 'டொக், டொக்' என்று தட்டும் ஒலி கேட்டால், அவர்கள் வேலை செய்கிறார்கள் என்று பொருள். அந்த ஒலி நல்ல பொன் நரம்பைக் காட்டும் என்றனர் சிலர். பாறை இடிந்து விழப்போகிறது, ஓடிவிடு என்னும் எச்சரிக்கை என்றனர் பலர். பங்கு வைக்காதவனின் சுத்தியலை ஒளித்துவைப்பார்களாம், விளக்கை அணைப்பார்களாம். சுரங்கத்தில் இறந்துபோன பழைய தொழிலாளரின் ஆவிகளே இவர்கள் என்ற நம்பிக்கையும் அமெரிக்காவில் வளர்ந்தது. சுரங்கத்துக்குள் சீழ்க்கை அடித்தால் அவர்களுக்குக் கோபம் வரும் என்பதும் ஒரு விதி.

மூடநம்பிக்கை என்று இதை ஒதுக்கிவிடுவது எளிது. ஆனால் சற்றே ஆராய்ந்து பார்ப்போம். மேலிருந்து அழுத்தும் பாறையில் குடைந்து வழி செய்தால், அதன் பாரம் இடம் மாறுகிறது. முறிவதற்கு முன் பாறை சிறு சிறு ஒலிகளை எழுப்புகிறது. முட்டுக் கொடுத்த மரங்கள் முனகுகின்றன. கருவிகள் இல்லாத காலத்தில் தொழிலாளியின் உயிரைக் காத்தது அவனுடைய காது ஒன்றே. புதிதாக வந்த பதினைந்து வயதுச் சிறுவனுக்கு அழுத்தத்தின் இலக்கணத்தைக் கற்பிக்க முடியாது. "குள்ளன் தட்டினால் கருவியைப் போட்டுவிட்டு ஓடு" என்று சொன்னால் அவன் வாழ்நாள் முழுதும் மறவான். சீழ்க்கை அடிக்காதே என்னும் விதியிலும் இந்தப் பயன் உண்டு. ஓசை எழுப்புகிறவன் பாறையின் பேச்சைக் கேட்க மாட்டான் அல்லவா? அனுபவ அறிவு கதை உருவில் கைமாறியது என்பதே இதன் உட்பொருள்.

கதை காத்தது உயிரை. உரிமையைக் காக்கப் போராட வேண்டியிருந்தது. 1869ஆம் ஆண்டில் டைனமைட் என்னும் புதிய வெடிமருந்து வந்தது. பழைய வெடிமருந்துக்குப் பெரிய துளை வேண்டும். ஒருவன் உளி பிடிக்க, மற்றவர் சம்மட்டி அடிப்பர். புதியதற்குச் சிறு துளை போதும். தனி ஒருவனே உளியும் சுத்தியலும் பிடித்து வேலை செய்யலாம். ஆட்களைக் குறைக்க முதலாளிகள் முனைந்தனர். புகையால் தலைநோவு, பாதி ஆட்களுக்கு வேலை இல்லை என்ற இரண்டையும் எடுத்துக்காட்டிக் கிராஸ் வேலித் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தனர். முடிவில் புதிய மருந்தே நிலைத்தது. பின்னர் வந்த இயந்திரத் துளைப்பான்களோ பாறைத் தூசியைக் கிளப்பி எத்தனையோ பேரின் நுரையீரலை அரித்தன. அதற்கு முன்னறிவிப்புத் தர எந்தக் குள்ளனும் இல்லை.

உலக்கை ஓய்ந்தது

அவ்வூரில் புகழ்பெற்றது எம்பயர் சுரங்கம். 1850இல் தொடங்கி 1956 வரை அது ஏறத்தாழ 58 லட்சம் அவுன்ஸ் பொன் தந்தது. நிலத்தடியில் அது குடைந்த வழிகளின் நீளம் 367 மைல். இரண்டாம் உலகப் போரின்போது, 1942இல், பொன் சுரங்கங்களை நிறுத்தும்படி அரசு ஆணையிட்டது. போருக்குப்பின் செலவுகள் ஏறின. பொன்னின் விலையோ அவுன்ஸுக்கு 35 டாலர் என்ற பழைய அளவிலேயே நின்றது. 1956இல் சுரங்கம் மூடப்பட்டது. இரவும் பகலும் கேட்டுக்கொண்டிருந்த கல் இடிக்கும் ஓசை நின்றது.

அந்த ஆண்டைப் பற்றிக் கலிபோர்னியாவில் ஒரு கதை சொல்லுகிறார்கள். பெரிய சுரங்கம் ஒன்றின் வாயிலை அடைத்தபோது, கார்ன்வால் வழிவந்தவர்கள் கையெழுத்துத் திரட்டி உரிமையாளர்களிடம் விண்ணப்பம் கொடுத்தனராம். "உள்ளே எங்கள் குள்ளர்கள் அடைபட்டிருக்கிறார்கள், வேறு சுரங்கம் தேடிச் செல்ல அவர்களை வெளியே விடுங்கள்" என்பது வேண்டுகோள். உரிமையாளர்களும் இணங்கினராம். சிரிப்பு மூட்டும் கதைதான். ஆயினும், வேலையிழந்து வேறு ஊர் தேடிப் போக வேண்டியவர்கள் தங்கள் துயரத்தைக் குள்ளர்கள்மேல் ஏற்றிச் சொன்னார்கள் என்பதை உணரும்போது சிரிப்பு அடங்கிவிடுகிறது.

எம்பயர் சுரங்கத்தை 1975இல் கலிபோர்னியா மாநிலம் வாங்கி வரலாற்றுப் பூங்காவாக்கியது. பக்கத்தில் மூடிக்கிடந்த வேறொரு சுரங்கத்தைத் திறக்க நடந்த முயற்சியை 2024 பிப்ரவரியில் மாவட்ட ஆட்சிக் குழு மறுத்துவிட்டது. பொன்னின் காலம் முடிந்தது. ஆனால் பாஸ்டிக் கடைகளில் இன்றும் அடுப்பு எரிகிறது. கிறிஸ்துமஸ் காலத்தில் கார்ன்வால் பாடற்குழுவினர், சுரங்கத் தொழிலாளர் பாடிய பாடல்களைப் பாடுகின்றனர். சுரங்கத் தொழிலாளரின் காவலராகக் கருதப்படும் பிரான் அடிகளின் திருநாள் மார்ச் மாதத்தில் கொண்டாடப்படுகிறது. அன்று பாஸ்டியை வீசி எறியும் வேடிக்கைப் போட்டியும் நடக்கிறது. அங்கிருந்து எடுத்த பொன்னெல்லாம் வேறெங்கோ போய்விட்டது; ஏழைத் தொழிலாளியின் தூக்கில் வந்ததே ஊரில் தங்கியது.

நமக்கு அண்மையில் உள்ள தங்கவயல்

இவ்வளவும் ஏழு கடலுக்கு அப்பால் நிகழ்ந்த செய்தி என்று எண்ண வேண்டா. 1880 முதல் கோலார் தங்கவயலில் சுரங்கம் நடத்த வந்த ஜான் டெய்லர் கம்பெனியார், கார்ன்வாலிலிருந்தே மேலாளர்களையும் பொறியாளர்களையும் கொண்டுவந்தனர். அவர்களுக்குக் கீழே இருளில் இறங்கியவர்களுள் மிகப் பலர், வட ஆர்க்காடு முதலிய மாவட்டங்களிலிருந்து சென்ற தமிழர். அவர்களுள்ளும் பெரும்பாலோர் சாதிக் கொடுமைக்கு ஆளான ஏழைகள். சாம்பியன் ரீஃப் சுரங்கம் 3 கிலோமீட்டருக்கு மேற்பட்ட ஆழம் சென்றது. 'ராக் பர்ஸ்ட்' என்று தொழிலாளர் அஞ்சிய பாறை வெடிப்பு அங்கே பல உயிர்களைக் குடித்தது. பாறையின் ஒலியைக் கருவிகொண்டு கேட்கும் ஆராய்ச்சியும் அங்கே வளர்ந்தது. 1988இல் தேசியப் பாறை இயக்கவியல் நிறுவனம் தங்கவயலில்தான் தோன்றியது. கதையிலே குள்ளன் செய்த வேலையைப் பிற்காலத்தில் கருவி செய்தது எனலாம். 2001ஆம் ஆண்டு பிப்ரவரி 28ஆம் நாள் அச்சுரங்கங்களும் மூடப்பட்டன. இன்று அவ்வூரார் பலர் விடியற்காலை ரயிலில் பெங்களூருக்கு வேலைக்குச் சென்று இரவில் திரும்புகின்றனர்.

அங்கே இறங்கி உழைத்த நம்மவர்க்கும் கதைகள் இல்லாமலா இருந்திருக்கும்? கூண்டு இறங்குமுன் எந்தத் தெய்வத்தை வேண்டினார்கள்? எந்த ஒலிக்கு அஞ்சினார்கள்? தூக்கில் என்ன உணவு கொண்டு சென்றார்கள்? மடிந்த தோழனைப் பற்றி என்ன சொல்லிக்கொண்டார்கள்? இவற்றுள் ஏட்டில் ஏறியவை கொஞ்சம். முதியோர் நெஞ்சில் மட்டும் இருப்பவை மிகுதி. கடைசிக் கூண்டில் மேலே வந்தவர்களுக்கும் இப்போது வயது ஏறிவிட்டது.

கிராஸ் வேலி மக்கள் கதையைக் காத்ததற்கு அரசின் பூங்கா மட்டும் காரணம் அன்று. அடுப்பங்கரையில் ஜென்னி பாஸ்டி சுட்டாள், குழந்தை கேட்டது, அவள் சொன்னாள். இவ்வளவே அதன் இரகசியம். தங்கவயல் வழிவந்த குடும்பங்கள் பெங்களூர், சென்னை முதலிய நகரங்களில் பரவியிருக்கின்றன. நம் சங்கங்களிலும் அவர்கள் இருக்கக்கூடும். ஆண்டு விழாவில் ஒரு மணி நேரம் ஒதுக்கி, ஒரு முதியவரை அமர்த்திப் பேசச் செய்து, இளைஞர் ஒருவர் அதை எழுதிக்கொள்ளட்டும். தங்கவயலோடு தொடர்பில்லாத வீடுகளிலும் இதைச் செய்யலாம். மில்லுக்கும் துறைமுகத்துக்கும் ரயில்வேக்கும் வந்த தாத்தாக்களுக்கும் சொல்வதற்கு எவ்வளவோ உண்டு. அவர்கள் நினைவு தெளிவாக இருக்கும்போதே கேட்டுவைப்பது நம் கடமை.