கழுதைக்கு வாய்த்த குரல்

போலந்து இயக்குநர் கீஸ்லோவ்ஸ்கியின் படங்களில் அடிக்கடி தலைகாட்டும் யெஷி ஸ்டூரைப் பற்றி வாசகர் ஒருவர் கேட்கிறார்: “ஆளைப் பார்த்தால் ஆபீஸ் குமாஸ்தா மாதிரி இருக்கிறார். போலந்தில் எப்படி இத்தனை பெரிய நடிகரானார்?”

அந்த முகத்துக்காகத்தான் அவரைக் கூப்பிட்டார்கள். 1979இல் வந்த ‘அமெச்சூர்’ படத்தில் ஸ்டூர் ஒரு தொழிற்சாலை ஊழியர். பிறக்கப்போகும் குழந்தையைப் படம்பிடிக்க 8 மி.மீ. கேமரா வாங்குகிறார், கடைசியில் கேமராதான் மிஞ்சுகிறது, மனைவி போய்விடுகிறாள். வசனத்திலும் ஸ்டூருக்குப் பங்கு உண்டு. போலிஷ் இலக்கியம் படித்துவிட்டு நடிப்புப் பள்ளிக்குப் போனவர் அவர். கீஸ்லோவ்ஸ்கி எழுதிவைத்துப்போன ‘பெரிய மிருகம்’ திரைக்கதையை 2000இல் தாமே இயக்கி நடித்தார். சர்க்கஸ்காரர்கள் விட்டுப்போன ஒட்டகத்தை வளர்க்கும் மனிதனின் கதை அது.

போலந்துப் பிள்ளைகளுக்கோ இதெல்லாம் தெரியாது. அவர்களுக்கு ஸ்டூர் என்றால் ‘ஷ்ரெக்’ அனிமேஷன் படத்துக் கழுதையின் குரல்.

இதன் அருமை புரிய அந்த ஊர் டிவியைப் பார்க்க வேண்டும். வெளிநாட்டுப் படம் ஓடும். மூல ஒலியைத் தாழ்த்திவிட்டு, மேலே ஒரே ஓர் ஆண்குரல் எல்லா வசனத்தையும் வாசிக்கும். காதலன், காதலி, கொலைகாரன் எல்லோருக்கும் அவரே. அழுகை, சிரிப்பு எதுவும் குரலில் ஏறக் கூடாது. வாசிப்பவரை ‘லெக்டர்’ என்பார்கள். எங்கள் ஊர் ரேஷன் கடையில் கார்டு எண்களை வாசித்த ஊழியருக்குக்கூட இதைவிட ஏற்ற இறக்கம் இருந்தது. செலவு குறைவு என்று தொடங்கிய ஏற்பாடு, பழகிப்போய் மக்களுக்குப் பிடித்தும்விட்டது.

குழந்தைப் படங்களுக்கு மட்டும் முழு டப்பிங். எடி மர்ஃபி ஆங்கிலத்தில் பேசிய ‘மூலான்’ குட்டி டிராகனுக்கும் ஷ்ரெக்கின் கழுதைக்கும் போலிஷில் பேசியவர் ஸ்டூர்தான். நகைச்சுவையை மொழிபெயர்க்காமல் உள்ளூர் நக்கலாகவே எழுதிக் கொடுத்திருந்தார்கள். மர்ஃபியின் வேகத்துக்கு ஈடுகொடுத்து, திரையில் அசையும் வாய்க்குள் அதை அடக்க வேண்டும். முகம் உதவாது.

இதை ‘சில்லறை வேலை’ என்று ஒதுக்கும் சினிமா ரசிகர்கள்மேல் எனக்குக் கோபம் உண்டு. குரல் கொடுத்தவர்களின் பெயர் திரையில் ஓடும்போது நாம் செருப்பைத் தேடிக்கொண்டிருக்கிறோம்.

2011இல் புற்றுநோய் ஸ்டூருக்குக் குரல்வளையிலேயே வந்தது. சிகிச்சை முடிந்து மேடைக்குத் திரும்பினார். 2024 ஜூலையில், 77 வயதில் மறைந்தார். ‘ஷ்ரெக்’ பார்க்க வாய்த்தால் ஒலித்தேர்வில் போலிஷ் இருக்கிறதா என்று தேடுங்கள். மொழி தெரிய வேண்டியதில்லை. அந்தக் கழுதை நம்மைக் கேட்டா பேசுகிறது?