கேபிள் டை

கேபிள் டை (வடப்பட்டை) என்பது மின்கம்பிகள், வடங்கள் முதலியவற்றை ஒன்றாகச் சேர்த்துக் கட்டுவதற்குப் பயன்படும் நெகிழிப் பட்டை ஆகும். இது ஜிப் டை என்றும் அழைக்கப்படுகின்றது. பெரும்பாலான கேபிள் டைகள் நைலான் 66 என்னும் பல்பகுதியத்தால் செய்யப்படுகின்றன. நைலான் ஈரப்பதம், வெப்பம், ஒளி ஆகியவற்றால் மாற்றமடையக் கூடியது. எனவே வீட்டுப் பட்டறையில் இவற்றை முறையாகச் சேமிப்பது ஒழுங்குக்காக மட்டுமன்றி, கட்டின் வலிமைக்காகவும் தேவைப்படுகின்றது.

வரலாறு

அமெரிக்காவின் தாமஸ் அண்டு பெட்ஸ் நிறுவனத்தைச் சேர்ந்த மாரஸ் லோகன், 1956 ஆம் ஆண்டு போயிங் வானூர்தித் தொழிற்சாலை ஒன்றைப் பார்வையிட்டார். அங்கு கம்பித் தொகுதிகள் மெழுகு பூசிய நைலான் கயிற்றால் முடிச்சிட்டுக் கட்டப்பட்டன. கயிற்றை விரலில் சுற்றி இழுக்க வேண்டியிருந்ததால் தொழிலாளர்களின் விரல்கள் வெட்டுப்பட்டுக் காய்த்துப்போயின. இதற்கு மாற்றாக லோகன் உருவாக்கிய பட்டைக்கு 1958 இல் காப்புரிமை கோரப்பட்டது. அது டை-ராப் என்னும் வணிகப் பெயரில் விற்பனைக்கு வந்தது. தொடக்க வடிவத்தில் பூட்டும் பல் உலோகத்தால் ஆனது. முழுவதும் நைலானால் ஆன பட்டைகள் பின்னர் வந்தன.

அமைப்பு

பட்டையின் ஒரு முனையில் துளையுள்ள தலையும் மறுமுனையில் கூரிய வாலும் உள்ளன. பட்டையின் ஒரு பக்கத்தில் சாய்ந்த பற்கள் வரிசையாக அமைந்திருக்கும். தலையின் உள்ளே சிறிய நாக்கு ஒன்று உண்டு. வாலைத் துளையில் செலுத்தி இழுக்கும்போது நாக்கு வளைந்து கொடுத்துப் பற்களுக்கு வழிவிடும். பின்னோக்கி இழுத்தால் அது பற்களில் மாட்டிக்கொள்ளும். ஆகவே கட்டை இறுக்கலாம், தளர்த்த இயலாது. நெம்பி அவிழ்த்து மீண்டும் பயன்படுத்தத்தக்க வகைகளும் உள்ளன.

அளவுகள்

பட்டை தாங்கும் இழுவிசை அதன் அகலத்தைப் பொறுத்தது. தயாரிப்பாளருக்கு ஏற்பச் சற்று வேறுபடினும், பொதுவான அளவுகள் பின்வருமாறு:

- 2.5 மி.மீ. அகலம்: ஏறத்தாழ 8 கி.கி. எடை
- 3.6 மி.மீ. அகலம்: ஏறத்தாழ 18 கி.கி. எடை
- 4.8 மி.மீ. அகலம்: ஏறத்தாழ 22 கி.கி. எடை
- 7.6 மி.மீ. அகலம்: ஏறத்தாழ 55 கி.கி. எடை

நைலானும் ஈரப்பதமும்

நைலான் காற்றிலுள்ள நீராவியை உறிஞ்சும் இயல்புடையது. 23 பாகை செல்சியஸ் வெப்பநிலையும் 50% சார் ஈரப்பதமும் உள்ள இடத்தில், நைலான் 66 தன் எடையில் ஏறத்தாழ 2.5% நீரைக் கொண்டிருக்கும். இந்த நீர் மூலக்கூறுகள் நைலான் சங்கிலிகளுக்கு இடையே புகுந்து, அவற்றைப் பிணைக்கும் ஐதரசன் பிணைப்புகளைத் தளர்த்துகின்றன. இதனால் பட்டை முறியாமல் வளைகின்றது. நீர் குறைந்தால் பட்டை விறைத்து நொறுங்கும் தன்மை பெறுகின்றது. இறுக்கும்போதே பட்டை ஒடிவதற்கும், தலையிலுள்ள நாக்கு முறிவதற்கும் இது முதன்மையான காரணமாகும்.

அச்சில் வார்த்தெடுத்தவுடன் நைலான் உலர்ந்த நிலையில் இருக்கும். எனவே தயாரிப்பாளர்கள் பட்டைகளுக்கு ஈரமூட்டி, காற்றுப்புகாப் பைகளில் அடைக்கின்றனர். பையைக் கிழித்துத் திறந்து வைத்தால், உலர்ந்த காற்றில் அந்த ஈரம் வெளியேறிவிடும்.

சூரிய ஒளியின் புறஊதாக் கதிர்கள் நைலான் சங்கிலிகளை அறுக்கின்றன. வெள்ளை நிறப் பட்டைகள் இதனால் விரைவில் பாதிக்கப்படுகின்றன. வெளிப்புறப் பயன்பாட்டிற்கான கறுப்புப் பட்டைகளில் சேர்க்கப்படும் கார்பன் கறுப்பு, இக்கதிர்களை உறிஞ்சிச் சிதைவைத் தாமதப்படுத்துகின்றது.

சேமிக்கும் முறைகள்

- பட்டைகளை அவை வந்த பையிலேயே வைத்து, எடுத்த பின் பையின் வாயை நன்கு மூட வேண்டும். பை கிழிந்திருப்பின் இறுக மூடும் புட்டி அல்லது டப்பாவைப் பயன்படுத்தலாம்.
- முதலில் அகலத்தின்படியும், பின்னர் நீளத்தின்படியும் பிரிக்க வேண்டும். கலந்து கிடந்தால், அவசரத்தில் வலிமை குறைந்த பட்டை கைக்கு வர வாய்ப்புண்டு.
- ஒரே அளவுடைய கறுப்பு, வெள்ளைப் பட்டைகளையும் தனித்தனியே வைத்தல் நன்று.
- நீண்ட பட்டைகளை மடித்து வைக்கக் கூடாது. ஒரு முனை அடைத்த பிவிசி குழாய்த் துண்டில் பையுடன் நிறுத்தி வைக்கலாம்.
- கலத்தின் மேல் அகலம், நீளம், வாங்கிய மாதம் ஆகியவற்றை எழுதி, பழையவற்றை முதலில் பயன்படுத்த வேண்டும்.
- சன்னலோரம், தகரக் கூரையை ஒட்டிய அலமாரி, அடுப்பின் அருகு ஆகிய இடங்களைத் தவிர்க்க வேண்டும்.
- சிலிக்கா ஜெல் போன்ற ஈரம் உறிஞ்சும் பொருட்களை உடன் வைக்கக் கூடாது. மின்னணு உறுப்புகளுக்கு ஏற்ற இம்முறை நைலானுக்குத் தீங்கானது.

சோதனையும் மீட்டலும்

நெடுநாள் கிடந்த பட்டையைப் பயன்படுத்தும் முன், அதைக் கூர்மையாக வளைத்துப் பார்க்கலாம். ஒடிந்தால் அந்தத் தொகுதியைச் சில துளி நீருடன் மூடிய பையில் ஓரிரு நாட்கள் வைத்து மீண்டும் சோதிக்கலாம். ஈரம் இழந்தது மட்டுமே காரணமாயின், பட்டை மீண்டும் வளையும் தன்மை பெறும். ஒளியாலோ வெப்பத்தாலோ சங்கிலிகள் அறுந்திருந்தால் இம்முறை பயன் தராது. அவ்வாறான பட்டைகளை, குறிப்பாகச் சுழலும் விசிறி, சூடான எந்திரப் பகுதி ஆகியவற்றின் அருகே செல்லும் கம்பிகளைக் கட்டப் பயன்படுத்தலாகாது. கட்டு அறுந்தால் கம்பி அவற்றில் பட்டு அதன் காப்புறை சேதமடையக் கூடும்.

இவற்றையும் பார்க்க

- நைலான்
- ஐதரசன் பிணைப்பு
- மின்வடம்