காமிராவின் பின்னால் நிற்பவர் யார்?

பாகூர் வயல்களில் நாற்று நடுவோரையும், வில்லியனூரில் களிமண் பொம்மை செய்வோரையும் படம் பிடிக்க வருவோருக்குக் குறைவில்லை. வருகிறார்கள், பிடிக்கிறார்கள், போய்விடுகிறார்கள். பின்னர்த் திரையில் ஒரு குரல் மாத்திரம் ஒலிக்கிறது. அக்குரல் யாருடையது, அவர் அவ்வூரில் எத்தனை நாள் தங்கினார், அவர் வந்ததனால் அவ்வீட்டாருக்கு நேர்ந்தது என்ன என்பவற்றை ஜனங்கள் அறிய வழியில்லை. 1948இல் இந்திய சர்க்கார் நிறுவிய பிலிம்ஸ் டிவிஷன், கொட்டகைகளில் பல்லாண்டுகள் காட்டி வந்த படங்களிலும் பெரும்பாலும் இத்தகைய குரலையே கேட்டோம்.

இதற்கு மாறான மார்க்கமும் உண்டு. புனா பிலிம் இன்ஸ்டிடியூட்டில் பயின்று 1985இல் வெளிவந்த ஸ்ரீ ஆர். வி. ரமணி, சென்னையில் இருந்துகொண்டு சுயேச்சையாகப் படமெடுத்து வருபவர். தோற்பாவைக் கூத்தாடிகளைப் பற்றி அவர் எடுத்த ‘நீ எங்கே’ 2003இல் வெளிவந்தது. 2011இல் வெளிவந்த ‘மை காமிரா அண்ட் சுனாமி’, 2004 டிசம்பர் 26ந் தேதிக் கடல்கோளில் அழிந்துபோன தம்முடைய காமிராவைப் பற்றியது. அன்றைய அலை பாகூர் கொம்யூன் குப்பங்கள் உள்ளிட்ட புதுவைக் கரையையும் தாக்கிற்று. அவ்வழிவை எண்ணிக்கையாகச் சொன்னோர் பலர். தம் இழப்பிலிருந்து சொல்லத் தொடங்கியவர் சிலரே.

புதுவை மக்கள் பிரஞ்சு ஆட்சியை 1954இல் வழியனுப்பிவிட்டனர். ஆயினும் அந்நாட்டு மூதாட்டி ஒருவரிடம் நாம் கற்கத்தக்கது ஒன்றுண்டு. 2019இல் காலமான ஆக்னஸ் வார்தா அம்மையார், எழுபது வயதைக் கடந்தபின், அறுவடை முடிந்த நிலங்களில் சிந்தியதைப் பொறுக்கி உண்போரைச் சிறு டிஜிட்டல் காமிராவில் படம் பிடித்தார். அப்படம் 2000இல் வெளிவந்தது. அதிலே மூப்பினால் சுருங்கிய தம் கையையும் காட்டி, தாமும் காட்சிகளைப் பொறுக்குகிறவரே என்று உணர்த்தினார். கதிர் பொறுக்குவதென்றால் என்னவென்று பாகூர் வாசிகளுக்கு நாம் விளக்க வேண்டியதில்லை.

இதெல்லாம் தற்பெருமையல்லவா, இதனால் தேசத்துக்கு என்ன லாபம் என்று நம் ஊழியர்களில் சிலர் கேட்கக்கூடும். தற்பெருமைக்கு இடமுண்டு என்பது மெய்யே. ஆனால் தம்மை மறைத்துக்கொண்டு ஏழைகளைப் பற்றிப் பேசுவது அதனினும் பெரிய அகந்தையென்பது நமது அபிப்பிராயம். ஆள வந்தவர்கள் நம்மைப் பார்த்த முறையும் அதுவேயன்றோ? மேடையேறிக் கிராமத்துக்காகப் பேசும் ஒவ்வொருவரும், தாம் அங்கே யாராகச் சென்றோம் என்பதைச் சொல்லக் கடமைப்பட்டவர்.

இன்று கிராமத்து வாலிபர் கையிலும் காமிராவுள்ள டெலிபோன் இருக்கிறது. வில்லியனூர்க் களிமண் வேலைப்பாடு புவிசார் குறியீடு பெற்றதாகும். அவ்வேலை செய்யும் தகப்பனாரைப் படம் பிடிக்கும் மகன், ‘இத்தொழிலை நான் ஏன் கற்கவில்லை?’ என்ற கேள்வியையும் அப்படத்தில் சேர்க்கட்டும். வெளியிலிருந்து வரும் எந்தப் படக்காரரும் அக்கேள்வியைக் கேட்க முடியாது. அவன் கேட்டால் தகப்பனாரும் பதில் சொல்வார்; ஊரும் யோசிக்கும்.